சம்மரி சூட்டில் பாதித் தொகை கட்டச் சொன்ன உத்தரவு: சி.எம்.ஏ. போடலாமா, சி.ஆர்.பி.யா?

ஈரோடு ஜூனியர்

அனைவருக்கும் வணக்கம். பிரதிவாதி தரப்பில் ஒரு சம்மரி சூட் (முழு விசாரணை இல்லாமலே விரைவாகத் தீர்ப்பாகக்கூடிய பண வழக்கு). இரண்டு புரோநோட்டு, அசலும் வட்டியுமாக ரூ.6,40,000, சப் கோர்ட்டில் சிவில் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 37-இன் கீழ் தாக்கலானது. சம்மன் சார்வாகி 10 நாளுக்குள் ஆஜராகிவிட்டோம். தீர்ப்புக்கான சம்மன் வந்த பிறகும் 10 நாளுக்குள் லீவ் டு டிஃபெண்ட் (எதிர்வாதம் செய்ய அனுமதி) மனு போட்டாகிவிட்டது. எங்கள் எதிர்வாதம் இதுதான்: முதல் நோட்டுக்கான பணம் வங்கி மூலம் திருப்பிக் கொடுக்கப்பட்டது, கணக்கு அறிக்கை இணைத்திருக்கிறோம். இரண்டாவது நோட்டு நிரப்பாமல் கையெழுத்து மட்டும் வாங்கிய நோட்டு.

உத்தரவில் "விசாரிக்கத்தக்க பிரச்சினை உள்ளது" என்று ஒரு வரி. அடுத்த வரியிலேயே, வழக்குத் தொகையில் பாதியை 4 வாரத்துக்குள் கோர்ட்டில் கட்ட வேண்டும், தவறினால் மனு தள்ளுபடி ஆனதாகக் கொள்ளப்படும் என்று முடித்துவிட்டார்கள். ஏன் பாதி என்பதற்கு ஒரு காரணமும் இல்லை. வழக்கைச் சாதாரண வழக்காக மாற்றக் கோரிய எங்கள் மற்றொரு ஐ.ஏ.வும் (இடைக்கால மனு) அன்றே தள்ளுபடி.

கட்சிக்காரர் "உடனே அப்பீல் போடுங்கள்" என்கிறார். குமாஸ்தா சி.எம்.ஏ. (உத்தரவு மீதான அப்பீல்) என்கிறார், பக்கத்து சேம்பரில் சி.ஆர்.பி. (ஹைகோர்ட்டில் சீராய்வு மனு) என்கிறார்கள், இன்னொருவர் டிகிரி (தீர்ப்பாணை) ஆகட்டும் பார்க்கலாம் என்கிறார். இதில் எது சரி? இரண்டு உத்தரவுக்கும் ஒரே வழிதானா?


தாமிரபரணி

தம்பி, சி.எம்.ஏ. நம்பரே ஆகாது. உத்தரவை எதிர்த்து அப்பீல் என்பது பிரிவு 104-உம் கட்டளை 43 விதி 1-உம் கொடுத்தால்தான் உண்டு. அந்தப் பட்டியலில் (அ) முதல் கடைசி வரை படித்துப் பாருங்கள், கட்டளை 37 எங்கும் வராது. லீவ் கொடுத்தது, மறுத்தது, நிபந்தனையோடு கொடுத்தது, விதி 3(7)-இன் கீழ் தாமதத்தை மன்னிக்க மறுத்தது, எதற்கும் அப்பீல் இல்லை. சாதாரண வழக்காக மாற்ற மறுத்த உத்தரவுக்கும் இல்லை.

அதற்காக சம்மரி சூட்டில் பிறக்கும் எந்த உத்தரவுக்கும் அப்பீல் கிடையாது என்று எடுத்துக்கொள்ளக் கூடாது. விதி 7 சொல்வது, மற்ற விஷயங்களில் சாதாரண வழக்கின் நடைமுறைதான் என்று. ஆகவே உத்தரவு எந்த விதியின் கீழ் போடப்பட்டது என்பதைப் பார்க்க வேண்டும். பிராதைத் (வாதியின் வழக்குரை) திருப்பிக் கொடுத்தால் கட்டளை 7 விதி 10, அதற்கு சி.எம்.ஏ. உண்டு. பிராதை நிராகரித்தால் அது பிரிவு 2(2)-இன்படி டிகிரியாகவே கருதப்படும், பிரிவு 96-இன் கீழ் முதல் மேல்முறையீடு. கட்டளை 38 விதி 6-இன் கீழ் தீர்ப்புக்கு முன் ஜப்தி உத்தரவானால் 43 விதி 1-இல் இடம் இருக்கிறது, ஆனால் விதி 5-இன் கீழ் ஜாமீன் காட்டச் சொல்லி வரும் உத்தரவு அந்தப் பட்டியலில் இல்லை. தடையுத்தரவு, ரிசீவர் நியமனம் எல்லாம் வழக்கம்போல சி.எம்.ஏ.தான்.

இப்போது உங்கள் வழக்கு. அப்பீல் இல்லை என்றால் உத்தரவு இறுதியாகிவிட்டது என்று பொருளில்லை. பிரிவு 105(1)-ஐயும் கட்டளை 43 விதி 1ஏ-வையும் சேர்த்துப் படியுங்கள். அப்பீலுக்கு வழியில்லாத உத்தரவில் உள்ள பிழை வழக்கின் முடிவைப் பாதித்திருந்தால், டிகிரி மீதான அப்பீலில் அதை ஒரு காரணமாக எழுப்பலாம். விதி 1ஏ(1) இன்னும் நேராகவே பேசுகிறது: ஓர் உத்தரவு ஒருவருக்கு எதிராகப் போடப்பட்டு, அதைத் தொடர்ந்தே அவருக்கு எதிராகத் தீர்ப்பும் டிகிரியும் ஆனால், டிகிரி அப்பீலில் "அந்த உத்தரவே போட்டிருக்கக் கூடாது, இந்தத் தீர்ப்பும் சொல்லியிருக்கக் கூடாது" என்று வாதிடலாம். சம்மரி சூட்டில் நடப்பது அச்சாக அதுதான். லீவ் மறுக்கப்பட்டாலோ, நிபந்தனை நிறைவேறாமல் போனாலோ, விதி 3(6)-இன்படி வாதிக்கு உடனே தீர்ப்பு.

ஆகவே உங்கள் முன் மூன்று வழி. பணம் கட்டிவிட்டு வழக்கை நடத்துவது. 4 வாரத்துக்குள் அரசியலமைப்பின் 227-இன் கீழ் (கீழ்க்கோர்ட்டுகள் மீதான மேற்பார்வை அதிகாரம்) ஹைகோர்ட் போவது. ஒன்றும் செய்யாமல் டிகிரியை வாங்கிக்கொண்டு பிரிவு 96-இல் போவது. மூன்றாவதைப் பலர் சுலபமாகச் சொல்லிவிடுகிறார்கள். கட்சிக்காரரின் நிலைமையைப் பார்க்காமல் அதை எடுக்கவே கூடாது, ஏனென்றால் டிகிரி ஆன மறுநாளே இ.பி. (டிகிரியை நிறைவேற்றக் கோரும் மனு) போட வாதிக்குத் தடை ஒன்றும் இல்லை.

மாற்று ஐ.ஏ.வுக்காகத் தனியாகப் போராடாதீர்கள். வட்டியோ வேறு பரிகாரமோ கட்டளை 37-இன் வரம்புக்கு வெளியே போகிறது என்றால் அது விதி 2(1)(பி) பற்றிய வாதம். லீவ் மனுவிலேயே சொல்ல வேண்டியது. லீவ் கிடைத்துவிட்டால் வழக்கு தானாகவே சாதாரண வழக்கு போலத்தான் நடக்கப் போகிறது.


வைகை வக்கீல்

மேலே சொன்னது சரி. சி.ஆர்.பி. என்ற ஒரே பெயரில் இரண்டு தனித்தனி அதிகாரங்கள் ஓடுவதால் அதை மட்டும் கொஞ்சம் பிரித்துச் சொல்கிறேன்.

ஒன்று சிவில் நடைமுறைச் சட்டத்தின் பிரிவு 115. 1-7-2002 முதல் நடைமுறைக்கு வந்த திருத்தத்துக்குப் பிறகு அதன் வாசல் மிகக் குறுகியது. சீராய்வு கேட்பவருக்குச் சாதகமாக அந்த உத்தரவு போடப்பட்டிருந்தால் வழக்கு அதோடு முடிந்திருக்குமா? முடிந்திருக்கும் என்றால் மட்டுமே ஹைகோர்ட் தலையிடலாம். 2003-இல் சிவ சக்தி கூட்டுறவு வீட்டுவசதிச் சங்க வழக்கில் உச்ச நீதிமன்றம் இந்த அளவுகோலைத்தான் உறுதிசெய்தது. இதை உங்கள் உத்தரவுக்கு வைத்துப் பாருங்கள். பிரதிவாதிக்குச் சாதகமான உத்தரவு என்றால் நிபந்தனையில்லாத லீவ். அப்படிக் கொடுத்திருந்தால் வழக்கு முடியாது, விசாரணை தொடங்கும். எனவே பிரதிவாதிக்கு 115 மூடியாயிற்று.

வாதி பக்கம் இதே அளவுகோல் வேறு மாதிரி வேலை செய்யும். நிபந்தனையில்லாமல் லீவ் கொடுத்த உத்தரவை வாதி எதிர்க்கிறார் என்றால், அவருக்குச் சாதகமான உத்தரவு லீவ் மறுப்பு. மறுத்திருந்தால் விதி 3(6)(ஏ)-இன்படி அப்போதே தீர்ப்பு, வழக்கு முடிந்தது. ஆகவே வாதிக்கு 115-இல் வலுவான வாதம் இருக்கிறது. வாதிக்காக ஆஜராகிறவர்கள் இதை விட்டுவிட்டு நேரே 227-க்கு ஓடுகிறார்கள். 115-க்குக் காலவரம்பு 90 நாள்.

இரண்டாவது 227. இதற்கு எழுதப்பட்ட காலவரம்பு இல்லை, ஆனால் தாமதம் செய்தால் அதுவே மனுவைக் கெடுக்கும். சென்னை, மதுரை இரண்டு இடத்திலும் வழக்கு நிலுவையில் இருக்கும்போது போடும் இந்த மனு சி.ஆர்.பி. (பி.டி.) என்றுதான் எண்ணாகும். 226-இன் கீழ் ரிட் போட முடியாது, சிவில் கோர்ட்டின் நீதித்துறை உத்தரவு ரிட்டுக்கு உட்பட்டதல்ல என்று 2015-இல் ராதே ஷியாம் வழக்கில் முடிவாகிவிட்டது.

227-இல் ஹைகோர்ட் அப்பீல் கோர்ட் போல உட்கார்ந்து சாட்சியத்தை எடைபோடாது. சட்டம் சொன்ன அளவுகோலைக் கீழ்க்கோர்ட் பார்க்கவே இல்லை என்று காட்ட வேண்டும். உங்களுக்கு அது கைவசம் இருக்கிறது. 2016 நவம்பரில் வந்த ஐ.டி.பி.ஐ. டிரஸ்டிஷிப் - ஹப்டவுன் தீர்ப்பை எடுத்துக்கொள்ளுங்கள். விசாரிக்கத்தக்க நியாயமான பிரச்சினை இருந்தால், எதிர்வாதம் நிச்சயம் வெல்லும் அளவுக்கு இல்லாவிட்டாலும், வழக்கமாக நிபந்தனையில்லாத லீவ். பிரதிவாதியின் நல்லெண்ணத்திலோ பிரச்சினையின் உண்மைத்தன்மையிலோ நீதிபதிக்குச் சந்தேகம் வந்தால்தான் நிபந்தனை. எதிர்வாதம் நம்பக் கடினமானது என்றால் பணம் கட்டச் சொல்லலாம். 2022-இல் பி.எல். காஷ்யப் வழக்கிலும் லீவ் கொடுப்பதே விதி, மறுப்பது விலக்கு என்று சொல்லியிருக்கிறார்கள். உங்கள் உத்தரவு பிரச்சினை இருக்கிறது என்கிறது, சந்தேகம் என்று ஒரு சொல்கூட இல்லை, பாதி கட்டு என்கிறது. சந்தேகத்துக்கான காரணம் இல்லாத நிபந்தனை, இந்த ஒரே புள்ளியில் மனுவைக் கட்டுங்கள். பத்துக் காரணம் எழுதினால் இது அமுங்கிப் போகும்.

ஒரு எச்சரிக்கை. உங்கள் இரண்டாவது எதிர்வாதம் பலவீனமானது. முத்திரை ஒட்டிய நோட்டில் கையெழுத்துப் போட்டுக் கொடுத்துவிட்டால், அதை நிரப்பிக்கொள்ள வாங்கியவருக்கு அதிகாரம் கொடுத்ததாக செலாவணி முறிச் சட்டத்தின் பிரிவு 20 கொள்கிறது. கூடவே பிரிவு 118-இன் அனுமானமும் இருக்கிறது. வெற்று நோட்டு என்பதை மட்டும் முன்னால் வைத்தால் நிபந்தனை சரி என்ற எண்ணம்தான் ஹைகோர்ட்டுக்கும் வரும். வங்கிக் கணக்கில் எந்தத் தேதியில் எவ்வளவு யார் கணக்குக்குப் போனது என்பதை முதல் பக்கத்திலேயே காட்டுங்கள்.


ஈரோடு ஜூனியர்

மிக்க நன்றி சார், அண்ணா. இன்னும் மூன்று சந்தேகம். 227 போட்டு நிலுவையில் இருந்தால் 4 வாரக் கெடு நிற்குமா? அங்கே தோற்றால் பிறகு 105-இன் கீழ் அதே காரணத்தை எழுப்ப முடியுமா? கட்சிக்காரரால் பாதித் தொகை புரட்டவே முடியாது என்றால் என்ன செய்வது?


தாமிரபரணி

கெடு நிற்காது. சி.ஆர்.பி. எண்ணானது மட்டும் போதாது, அதோடு ஒரு சி.எம்.பி. (துணை மனு) போட்டு இடைக்காலத் தடை வாங்க வேண்டும். அட்மிஷனுக்கு வரும் நாள் கெடுவுக்குப் பிறகு விழுந்தால், கீழ்க்கோர்ட்டில் அதற்குள் டிகிரி ஆகிவிடும். ஆனபிறகு உங்கள் சி.ஆர்.பி.யில் மிச்சம் ஒன்றும் இருக்காது. பிரிவு 96 இருக்கிறதே, போய் அப்பீல் போடு என்று அனுப்பிவிடுவார்கள். சிவில் நடைமுறைச் சட்டத்தில் அப்பீல் வழி இருந்தால் 227-க்குக் கிட்டத்தட்ட முழுத் தடை என்று 2019-இல் விருதுநகர் இந்து நாடார்கள் தர்ம பரிபாலன சபை - தூத்துக்குடி எஜுகேஷனல் சொசைட்டி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னதை எல்லா பெஞ்சும் எடுத்துக்காட்டுகின்றன.

அதனால் ஹைகோர்ட் போகிறவர் கீழ்க்கோர்ட்டிலும் ஒரு மனு வைத்திருக்க வேண்டும். பிரிவு 148-இன் கீழ் கால நீட்டிப்பு. சட்டத்தின் எழுத்துப்படி மொத்தம் 30 நாளுக்கு மேல் நீட்டக் கூடாது. ஆனால் கட்சிக்காரரின் கைக்கு மீறிய காரணம் இருந்தால் அந்த 30 நாள் கோர்ட்டைக் கட்டிப்போடாது என்று 2005-இல் சேலம் வழக்கறிஞர் சங்க வழக்கில் விளக்கியிருக்கிறார்கள். கெடு முடிந்த பிறகும் 148 மனு போடலாம் என்பது சட்டத்திலேயே இருக்கிறது. இருந்தாலும் முடிவதற்கு முன்பே போடுங்கள். "தவறினால் தள்ளுபடி" என்று தானாக இயங்கும் உத்தரவு இது. நீங்கள் மனு போடாமல் இருக்கும் அன்றே வாதி வக்கீல் தீர்ப்புக் கேட்டு மெமோ கொடுப்பார், டிகிரி எழுதியான பிறகு அந்தக் கோர்ட்டின் கையில் 148 இல்லை.

இரண்டாவது கேள்வி. 227-க்கே போகாமல் டிகிரி வாங்கினால் 105-உம் 43 விதி 1ஏ-வும் முழுமையாகத் திறந்திருக்கும், இடைக்கால உத்தரவை அப்போதே எதிர்க்கவில்லை என்று உங்களைத் தடுக்க முடியாது. 227-க்குப் போய், ஹைகோர்ட் நிபந்தனையின் நியாயத்தை ஆராய்ந்து சரி என்று சொல்லிவிட்டால், அதே கேள்வியை மாவட்ட நீதிபதி முன் மறுபடி வைப்பது பெரும் சிரமம். மேல்கோர்ட் தீர்மானித்ததை நான் எப்படி மாற்றுவது என்பார். மனு எடுபடாது என்று நீதிபதியின் போக்கில் தெரிந்தால், அப்பீலில் எழுப்பும் உரிமையைக் காத்துக்கொண்டு வாபஸ் பெற அனுமதி கேளுங்கள். அந்த ஒரு வாசகத்தை உத்தரவில் வாங்கிவிட்டால் பின்னால் பெரிய பலம்.

மூன்றாவது, பணம் இல்லாத நிலை. இதை வாயால் சொன்னால் எடுபடாது. வருமான வரிக் கணக்கு, வங்கி அறிக்கை, இருக்கும் கடன்கள், இவற்றோடு அஃபிடவிட் வேண்டும். முடியாத நிபந்தனை போடுவது லீவ் மறுப்பதற்குச் சமம் என்ற வாதம் அதன்மேல்தான் நிற்கும். அதோடு மாற்றாக ஒன்றைக் கேளுங்கள்: ரொக்கத்துக்குப் பதிலாக அசையாச் சொத்தை ஜாமீனாகக் காட்ட அனுமதி. கோர்ட் பணம் கட்டச் சொல்லலாம், ஜாமீன் கேட்கலாம், வேறு நிபந்தனையும் விதிக்கலாம். பத்திர நகல், வில்லங்கச் சான்று, மதிப்பு இவற்றை மனுவோடே இணைத்தால் பல நேரம் கீழ்க்கோர்ட்டிலேயே ஒத்துக்கொள்வார்கள், சென்னைப் பயணமே வேண்டாம்.

கட்ட முடிந்தவர் என்றால், உரிமைக்குப் பாதகமின்றிக் கட்டுவதாக மெமோவோடு கட்டச் சொல்லுங்கள். தொகையை வங்கி வைப்பில் போட உத்தரவும் கேளுங்கள், வழக்கு எத்தனை வருடம் போகுமோ தெரியாது.


பாரிமுனை

கேள்வி கேட்டவரின் வழக்கு தனிப்பட்ட கைமாற்று போலத் தெரிகிறது, எனவே மேலே சொன்னவை அப்படியே பொருந்தும். ஆனால் இதைப் படிக்கும் மற்றவர்கள் ஒன்றைச் சரிபார்க்காமல் இறங்கிவிடக் கூடாது: அது வணிகத் தகராறா? வியாபாரிகள், வங்கிகள், நிதி நிறுவனங்களின் வழக்கமான பரிவர்த்தனையில் பிறந்த கடனாக இருந்து மதிப்பு ரூ.3,00,000-க்குக் குறையாமல் இருந்தால், 2015-ஆம் ஆண்டின் வணிக நீதிமன்றங்கள் சட்டம் வந்துவிடும். வெறும் புரோநோட்டு என்பதாலேயே வணிகத் தகராறு ஆகிவிடாது, பின்னால் உள்ள பரிவர்த்தனையைப் பார்க்க வேண்டும்.

அந்தச் சட்டத்தில் பிரிவு 8 இடைக்கால உத்தரவுக்கு எதிரான சீராய்வை முழுக்க அடைக்கிறது, அதை டிகிரி அப்பீலில் மட்டுமே எழுப்பு என்கிறது. பிரிவு 13-இன் வரம்பு வாசகம், கட்டளை 43-இல் பெயர் சொல்லிக் குறித்த உத்தரவுகளுக்கு மட்டுமே அப்பீல் என்கிறது. பிரிவு 8 சட்டம் கொடுத்த சீராய்வைத்தான் அடைக்கும், அரசியலமைப்பு கொடுத்த 227-ஐ அடைக்காது. ஆனால் அந்தச் சட்டத்தின் நோக்கமே விரைவு என்பதால் ஹைகோர்ட்டுகள் அங்கே இன்னும் கையைச் சுருக்கிக்கொள்கின்றன. டிகிரி அப்பீலுக்கு 60 நாள். அதைத் தாண்டினால் மன்னிப்பு கிடைப்பது அரிது, 2021-இல் போர்சே பிரதர்ஸ் வழக்கில் குறுகிய தாமதத்தை மட்டும், அதுவும் விலக்காகவே மன்னிக்கலாம் என்று வரையறுத்துவிட்டார்கள்.

வாதிகளுக்கு ஒரு வார்த்தை. கட்டளை 37-இன் கீழ் போட்ட வணிக வழக்கில் லீவ் கொடுத்துவிட்டார்களே என்று கட்டளை 13ஏ-இன் கீழ் சுருக்கத் தீர்ப்பு கேட்டு மறுபடி வர முடியாது. 13ஏ-வின் முதல் விதியே அதைத் தடுக்கிறது. பிரதிவாதி ஒத்துக்கொண்ட தொகை இருந்தால் கட்டளை 12 விதி 6 மட்டும் கையில் இருக்கும்.

சென்னை ஹைகோர்ட்டின் ஒரிஜினல் சைடில் (ஹைகோர்ட்டே நேரடியாக விசாரிக்கும் வழக்குகளின் பிரிவு) வணிகத் தகராறல்லாத சம்மரி சூட் என்றால் கதை வேறு. அங்கே தனி நீதிபதியின் "ஜட்ஜ்மென்ட்" ஆகும் எதற்கும் லெட்டர்ஸ் பேட்டன்ட் (ஹைகோர்ட்டை நிறுவிய சாசனம்) 15-ஆவது கூறின் கீழ் டிவிஷன் பெஞ்சுக்கு அப்பீல் உண்டு. 1981-இல் ஷா பாபுலால் கிம்ஜி வழக்கில் உச்ச நீதிமன்றம் ஜட்ஜ்மென்ட் ஆகும் உத்தரவுகளுக்கு உதாரணமாக ஒரு பட்டியல் கொடுத்தது. அதில் கட்டளை 37 வழக்கில் லீவ் மறுத்த உத்தரவு பெயரோடு இருக்கிறது. காலவரம்பு 30 நாள். மாவட்டக் கோர்ட்டுகளில் பழகியவர்கள் அப்பீல் இல்லை என்று நினைத்து இந்த 30 நாளை விட்டுவிடுவது உண்டு. வணிகத் தகராறாக இருந்தால் 13(2) லெட்டர்ஸ் பேட்டன்ட்டையும் அடைத்துவிடும், எனவே முதலில் வகைப்பாடு, பிறகுதான் வழி.


காவிரிக்கரை

ஒரு துணைக்கேள்வியும் சேர்க்கலாம். பிரதிவாதி ஆஜராகவே இல்லை, டிகிரி ஆகிவிட்டது. கட்டளை 37 விதி 4-இல் ரத்து மனு போட்டுத் தள்ளுபடி ஆனால் 43 விதி 1(டி)-இன் கீழ் சி.எம்.ஏ. போடலாம் அல்லவா? எக்ஸ்பார்ட்டி (ஒருதலைப்பட்ச) டிகிரிதானே இதுவும்.


வைகை வக்கீல்

இல்லை. 1(டி) பேசுவது கட்டளை 9 விதி 13-இன் கீழ் தள்ளுபடியான மனுவைப் பற்றி மட்டும். விதி 4 தனி ஏற்பாடு, அளவுகோலும் வேறு. 9 விதி 13-இல் போதிய காரணம் போதும். விதி 4-இல் "விசேஷ சூழ்நிலை" காட்ட வேண்டும். அது மட்டுமல்ல, லீவ் கிடைக்கத் தகுந்த எதிர்வாதம் இருக்கிறது என்பதையும் அதே மனுவில் காட்ட வேண்டும் என்று 2003-இல் ரஜ்னி குமார் வழக்கில் தெளிவாகச் சொல்லியிருக்கிறார்கள். சம்மன் சார்வாகவில்லை என்று மூன்று பக்கம் எழுதிவிட்டுக் கடன் பற்றி ஒரு வரிகூட எழுதாத மனுக்கள் இங்கேதான் விழுகின்றன. தள்ளுபடியானால் 227 அல்லது டிகிரி மீது நேராக பிரிவு 96. எக்ஸ்பார்ட்டி டிகிரிக்கும் அப்பீல் உண்டு என்பது 96(2). ஆனால் லீவ் மனுவே போடாதவருக்கு அந்த அப்பீலில் சொல்லக் கிடைப்பது கொஞ்சம்தான்: பிராதே கட்டளை 37-க்குள் வராது, விதி 2 கேட்கும் உறுதிமொழி அதில் இல்லை, சம்மன் படிவம் 4-இல் போகவில்லை, வட்டி கூடுதல், இப்படிப்பட்டவை.


தாமிரபரணி

டிகிரி ஆகிவிட்டால் என்ன செய்வது என்பதையும் எழுதிவிடுகிறேன், ஜூனியர்கள் தடுமாறுவது அங்கேதான்.

சப் கோர்ட் டிகிரி என்றால் வழக்கு மதிப்பைப் பொறுத்து அப்பீல் மாவட்டக் கோர்ட்டுக்கோ ஹைகோர்ட்டுக்கோ போகும். மாவட்டக் கோர்ட் 30 நாள், ஹைகோர்ட் 90 நாள். மனதில் 30-ஐயே வைத்துக்கொள்ளுங்கள். அப்பீல் போட்டதால் மட்டும் டிகிரி நிற்காது. பண டிகிரியானதால் கட்டளை 41 விதி 1(3) தகராறில் உள்ள தொகையைக் கட்டு அல்லது ஜாமீன் கொடு என்கிறது. அதைச் செய்யாவிட்டால் விதி 5(5)-இன்படி தடையாணை இல்லை. கட்டாததற்காக அப்பீலே தள்ளுபடி ஆகாது, தடைதான் கிடைக்காது. இந்த இரண்டையும் கட்சிக்காரரிடம் முன்கூட்டியே சொல்லிவிடுங்கள், ஏனென்றால் பாதி கட்ட முடியாமல் டிகிரி வாங்கியவர் அப்பீலில் முழுத் தொகைக்கு ஜாமீன் தேட வேண்டி வரும். நிபந்தனையை இப்போதே குறைக்கப் போராடு என்று மேலே எல்லோரும் சொல்வதன் காரணம் இதுதான்.

அப்பீல் தாக்கலாகும்வரை மூச்சுவிட ஒரு வழி உண்டு. டிகிரி கொடுத்த அதே கோர்ட்டிலேயே, அப்பீல் காலம் முடிவதற்குள், கட்டளை 41 விதி 5(2)-இன் கீழ் தடை கேட்கலாம். தீர்ப்புச் சொல்லும் அன்றே மனு கையில் இருக்கட்டும்.

அப்பீல் மெமோவில் முதல் காரணமாக லீவ் உத்தரவையும் அதன் தேதி, ஐ.ஏ. எண்ணையும் குறிப்பிட்டு, பிரிவு 105(1), கட்டளை 43 விதி 1ஏ என்று எழுதி எதிர்க்க வேண்டும். டிகிரியை மட்டும் எதிர்த்துப் பொதுவாக எழுதினால், அந்த உத்தரவு எதிர்க்கப்படவில்லை என்று எதிர்த்தரப்பு சொல்லும். அப்பீல் கோர்ட் லீவ் மனுவின் அஃபிடவிட்டையும் அதோடு இணைத்த ஆவணங்களையும்தான் பார்க்கும். அங்கே இல்லாத ரசீதை இங்கே புதிதாக நீட்ட கட்டளை 41 விதி 27 அவ்வளவு எளிதாக இடம் கொடுக்காது. ஒத்துக்கொண்டால் டிகிரியை ரத்து செய்து, லீவ் கொடுத்து, விசாரணைக்குத் திருப்பி அனுப்புவார்கள். நிபந்தனையைக் குறைத்தும் அனுப்பலாம்.


நகல் பிரிவு

நகல் விஷயம் யாரும் தொடவில்லை. உத்தரவு சொன்ன அன்றே நகல் மனு போடுங்கள், லீவ் உத்தரவுக்கும் சரி, தீர்ப்பு டிகிரிக்கும் சரி. காலவரம்புச் சட்டத்தின் பிரிவு 12 நகல் பெற ஆன காலத்தைக் கழிக்கச் சொல்கிறது, ஆனால் அதன் விளக்கத்தைப் பாருங்கள்: நீங்கள் நகல் மனு போடுவதற்கு முன் கோர்ட் டிகிரி தயாரிக்க எடுத்த நாட்கள் கழியாது. "டிகிரி இன்னும் எழுதவில்லை, எழுதட்டும் போடலாம்" என்று காத்திருந்தால் அந்த நாட்கள் உங்கள் கணக்கில்தான் சேரும்.

நகல் கைக்கு வந்ததும் அதில் குத்தியிருக்கும் தேதிகளை வரிசையாகப் படியுங்கள். மனு போட்ட நாள், முத்திரைத்தாள் கேட்ட நாள், கட்டிய நாள், நகல் தயாரான நாள், வாங்கிய நாள். மனு போட்டதிலிருந்து தயாரான நாள் வரை கழியும். முத்திரைத்தாள் கேட்டு அறிவிப்புப் பலகையில் போட்ட பிறகு நீங்கள் தாமதமாகக் கட்டிய இடைவெளி கழியாது. தயாரான பிறகு வாங்காமல் விட்ட நாட்களும் கழியாது. குமாஸ்தா பலகையைத் தினமும் பார்க்கிறாரா என்று நீங்களே கேட்டுக்கொள்ளுங்கள். கடைசி நாள் கோடை விடுமுறையில் விழுந்தால் பிரிவு 4-இன்படி கோர்ட் திறக்கும் நாளில் போடலாம், அதற்கு அடுத்த நாள் போட்டால் தாமதம்தான். ஒரு நாள் தாமதமானாலும் கட்டளை 41 விதி 3ஏ-இன்படி மன்னிப்பு மனு அப்பீலோடு கூடவே போக வேண்டும். அப்பீலை விசாரணைக்கு எடுக்க கோர்ட் முடிவு செய்யும்வரை விதி 3ஏ(3) தடையாணைக்கும் குறுக்கே நிற்கும்.

சி.ஆர்.பி.க்கு என்றால் உத்தரவின் சான்றிட்ட நகலோடு பிராது, நோட்டுகள், லீவ் அஃபிடவிட், வாதியின் எதிருரை, வங்கி அறிக்கை எல்லாம் டைப்செட்டில் (தட்டச்சு செய்த ஆவணத் தொகுப்பு) வர வேண்டும். தமிழில் உள்ளவற்றுக்கு ஆங்கில மொழிபெயர்ப்பு வேண்டும். மொழிபெயர்ப்பு இல்லை என்று திருப்பி அனுப்பினால் 4 வாரக் கெடுவில் ஒரு பெரிய பகுதி அதிலேயே போய்விடும். வாதி பிரிவு 148ஏ-இன் கீழ் கேவியட் (தன்னைக் கேட்காமல் உத்தரவு போடக் கூடாது என்ற முன்மனு) போட்டிருக்கிறாரா என்றும் பாருங்கள். அது 90 நாள் உயிரோடு இருக்கும், அவருக்கு நகல் கொடுத்ததற்கான சான்று இல்லாமல் தடை மனு பட்டியலுக்கு வராது.


ஈரோடு ஜூனியர்

நகல் மனு அன்றே போட்டிருக்கிறோம், முத்திரைத்தாளும் கட்டியாகிவிட்டது. அஃபிடவிட்டில் வருமான விவரம் எதுவும் இல்லை, அதைத் தயார்செய்து சொத்து ஜாமீன் கேட்டு ஒரு மனுவும், 148-இல் ஒரு மனுவும் திங்கட்கிழமை சப் கோர்ட்டில் போடுகிறோம். சி.ஆர்.பி. காரணங்களில் "சந்தேகத்துக்கான காரணம் கூறாத நிபந்தனை" என்பதை மட்டும் முன்வைத்து எழுதி, கேவியட் பார்த்துவிட்டு அனுப்புகிறேன்.


வைகை வக்கீல்

சொத்து ஜாமீன் மனுவில், சி.ஆர்.பி. போட இருக்கும் உரிமையை விட்டுக்கொடுக்காமல் கேட்பதாக ஒரு வரி சேருங்கள். இல்லாவிட்டால் நிபந்தனையை ஏற்றுக்கொண்டுதானே மாற்றுக் கேட்டாய் என்று ஹைகோர்ட்டில் எதிர்த்தரப்பு திருப்புவார்.